உடம்புக்குப் பாடம் சொல்லிக்கொடுத்தது யார்?

(ஒரு கிராம வாசகசாலையின் ஆண்டு விழாவில் தோழர் ஒருவர் செய்த சொற்பொழிவின் சாரம்)



இன்று என்னைப் பேசச் சொல்லியிருப்பது நோய்த் தடுப்பைப் பற்றி. நான் வைத்தியன் அல்ல. புஸ்தகங்களில் படித்ததையும், தெரிந்தவர்களிடம் கேட்டு அறிந்ததையுமே சொல்லப் போகிறேன். நான் சொல்லுகிறேன் என்பதற்காக நீங்கள் எதையும் நம்பவேண்டியதில்லை. உங்கள் புத்திக்குச் சரியென்று பட்டால் எடுத்துக்கொள்ளுங்கள். படாவிட்டால் கூட்டம் முடிந்ததும் எழுந்து கேளுங்கள்.

ஒரு தரம் பெரியம்மை கண்டு பிழைத்தவனுக்கு மறு தரம் வராது என்பது நம் பாட்டிமார்களுக்கெல்லாம் தெரியும். அம்மைத் தழும்பு முகத்தோடு இருப்பவர்களைத்தான் அம்மை போட்ட வீட்டில் காவல் வைப்பார்கள். சங்கதி தெரிந்திருந்தது, காரணம் தெரியவில்லை. காரணம் தெரியாத இடத்தில் ஆத்தாளைக் கொண்டுவந்து உட்கார வைத்தார்கள். ஆத்தாள் வந்தாள், விளையாடினாள், இறங்கினாள், அப்புறம் அந்த உடம்புக்கு வரமாட்டாள் என்றார்கள். ஏன் வரமாட்டாள் என்று கேட்டவன் நாஸ்திகன்.

அம்மைப் பாலை எடுத்து நல்ல உடம்பில் ஏற்றும் வழக்கம் வங்காளத்திலும் சீன தேசத்திலும் முன்னமே இருந்தது வாஸ்தவம். அதில் சிலருக்கு நிஜமான பெரியம்மையே கண்டு உயிர் போவதும் உண்டு. 1796-ஆம் வருஷம் மே மாதம் 14-ந் தேதி இங்கிலாந்தில் எட்வர்ட் ஜென்னர் என்ற வைத்தியர், மாட்டம்மை கண்ட ஒரு பால்காரியின் கைக் கொப்புளத்திலிருந்து எடுத்ததை, தோட்டக்காரர் ஒருவரின் எட்டு வயதுப் பிள்ளைக்குக் கீறி வைத்தார். பிற்பாடு அந்தப் பையனுக்குப் பெரியம்மைப் பாலையே ஏற்றிப் பார்த்தார். அம்மை வரவில்லை. (ஏழைத் தோட்டக்காரன் பிள்ளை கிடைத்ததால் செய்தார், ஒரு பிரபுவின் பிள்ளையாயிருந்தால் செய்திருப்பாரா என்பது என் சந்தேகம். இன்று அப்படிச் செய்யச் சட்டம் இடங்கொடாது.) ஆறே வருஷத்தில், 1802-இல், பம்பாயில் ஒரு குழந்தைக்கு முதல் முதல் இந்த மாட்டம்மைப் பால் குத்தப்பட்டது.

இங்கே ஒரு வேடிக்கை. 1819-இல் சென்னையில் நடந்துகொண்டிருந்த ஓர் ஆங்கிலப் பத்திரிகையில் "கல்வி விரும்பன்" என்ற புனைபெயரில் ஒரு கடிதம் வந்தது. பசுவின் மடியிலுள்ள கொப்புளத்திலிருந்து எடுத்து மனிதனுக்கு அம்மை குத்தும் முறை, தன்வந்திரி பெயரால் வழங்கும் சம்ஸ்கிருத கிரந்தத்திலேயே இருக்கிறது என்று சுலோகங்களும் காட்டப்பட்டன. இன்றைக்கும் பலர் இதைத் தூக்கிக்கொண்டு, "எல்லாம் நம்மிடம் அன்றே இருந்தது" என்கிறார்கள். ஆராய்ச்சிக்காரர்கள் பழைய வைத்திய நூல்களைப் புரட்டிப் பார்த்ததில், அந்தச் சுலோகங்கள் எதிலும் இல்லை. ஜனங்கள் சாஸ்திரத்தில் இருக்கிறது என்று சொன்னால்தான் கையை நீட்டுவார்கள் என்று எண்ணி யாரோ கட்டிவிட்ட புரட்டு அது என்பது அவர்கள் முடிவு. கட்டியவர் எண்ணம் நல்லதாயிருக்கலாம். ஆனால் பாருங்கள்! பிள்ளை உயிரைக் காப்பாற்றுவதற்குக்கூட, "இது மெய், இன்னின்ன ருசு" என்று சொன்னால் போதாது, தன்வந்திரி கையெழுத்து வேண்டும் என்று எண்ணும்படி நாம் இருந்திருக்கிறோம்.

போகட்டும். ஜென்னருக்கும் காரணம் தெரியாது. பலன் மாத்திரம் தெரியும். காரணத்தைத் தேடியவர்கள் கதைதான் நான் சொல்ல வந்தது.

1882-இல் இத்தாலி தேசத்து மெசினா என்ற ஊரில் மெச்னிக்காவ் என்ற ரஷ்யர் ஒருவர், வீட்டாரெல்லாம் சர்க்கஸ் பார்க்கப் போனபின் தனியே உட்கார்ந்து, கண்ணாடிபோல் ஊடுருவித் தெரியும் நட்சத்திர மீன் குஞ்சின் உடம்பில் ஒரு ரோஜா முள்ளைக் குத்தி வைத்தார். மறுநாள் காலையில் பூதக்கண்ணாடியில் பார்த்தால், முள்ளைச் சுற்றி நடமாடும் அணுக்கள் மொய்த்துக்கொண்டிருந்தன. நம் ரத்தத்திலுள்ள வெள்ளை அணுக்களும் இப்படித்தான் கிருமிகளை மொய்த்து விழுங்குகின்றன என்றார். ஜெர்மன் தேசத்தார் வேறு கட்சி. 1890-இல் பெர்லினில் பேரிங் என்பவரும் கிட்டசாட்டோ என்ற ஜப்பானியரும், ரண ஜன்னி நஞ்சைப் பழக்கிய பிராணியின் ரத்தத்திலிருந்து அணுக்களை நீக்கி, தெளிந்த நீரை மாத்திரம் எடுத்து வேறு பிராணிக்கு ஏற்றினால் அதற்கும் அந்த நஞ்சு ஏறுவதில்லை என்று காட்டினார்கள். ஆகவே காப்பது அணுவல்ல, அந்த நீரில் கரைந்துள்ள எதிர்ப்பொருள் என்றார்கள். அதற்கு ஆன்டிபாடி என்று பெயர். இரண்டு கட்சியும் பல வருஷம் சண்டை போட்டன. 1908-இல் நோபல் பரிசை மெச்னிக்காவுக்கும், எதிர்க்கட்சி எர்லிக்குக்கும் பாதிப் பாதியாகக் கொடுத்தார்கள். பார்க்கப்போனால் இரண்டு பேர் சொன்னதும் மெய்தான்.

இதனால் நமக்கு என்ன பலன் என்று கேட்பீர்கள். பாம்புக்கடி மருந்து இருக்கிறதே, அது இந்தப் பெர்லின் வித்தைதான். குதிரைக்குப் பாம்பின் விஷத்தைக் கொஞ்சம் கொஞ்சமாக ஏற்றிப் பழக்கி, அதன் ரத்தத்திலிருந்து எதிர்ப்பொருளைப் பிரித்து எடுக்கிறார்கள். நல்ல பாம்பு, கட்டுவிரியன், கண்ணாடி விரியன், சுருட்டை விரியன் ஆகிய நான்கின் விஷத்துக்கும் அது கேட்கும். விஷத்தை எடுத்துக் கொடுப்பவர்கள் யார்? செங்கற்பட்டு ஜில்லா வடநெம்மேலியில் 1978 முதல் கூட்டுறவுச் சங்கம் வைத்திருக்கும் இருளர்கள்! ஊருக்கு வெளியே நிறுத்திவைக்கப்பட்ட அந்த ஜனங்கள் கையால் எடுத்த விஷம், வேதம் படித்தவன் உயிரையும் காப்பாற்றுகிறது. மந்திரம் போட்டுப் பிழைத்தவனும் உண்டே என்பீர்கள். உண்டு. ஊரிலுள்ள பாம்புகளில் பெரும்பாலானவைக்கு விஷமே கிடையாது. விஷப்பாம்பும் சில சமயம் விஷம் இறக்காமல் கடித்துவிடும். அந்தப் பெருமையெல்லாம் மந்திரவாதிக்குப் போகிறது. மெய்யாய் விஷம் ஏறியவன் செத்தால், "விதி முடிந்தது" என்று அவன் தலையில் போட்டுவிடுகிறார்கள்.

இனி முக்கியமான கேள்விக்கு வருகிறேன். ரண ஜன்னிக்கு ஏற்ற எதிர்ப்பொருள் தொண்டை அடைப்பானுக்கு உதவாது. ஒவ்வொரு நோய்க்கும் ஒவ்வொன்று, பூட்டுக்குச் சாவிபோல். இத்தனை சாவி உடம்புக்கு எங்கிருந்து வந்தது? உடம்புக்குப் பாடம் சொல்லிக்கொடுத்தது யார்?

எர்லிக் 1897-இல் சொன்னார்: சாவிகள் அணுக்களின் மேலேயே ஏற்கனவே முளைத்திருக்கின்றன, நஞ்சு வந்து ஒன்றில் மாட்டிக்கொண்டால், அணு அதே சாவியை மேலும் மேலும் செய்து ரத்தத்தில் உதிர்க்கிறது. கேட்பதற்குச் சரியாய்த்தான் இருந்தது. ஆனால் லாண்ட்ஸ்டைனர் என்பவர் (மனித ரத்தத்தை வகை பிரித்துக் கண்டவரும் இவரே, அந்த வகையில் பார்ப்பன ரத்தம் என்றோ பறையர் ரத்தம் என்றோ ஒன்று கிடையாது) ஒரு குறும்பு செய்தார். உலகத்தில் அதுவரை இல்லாத, தாமே ஆராய்ச்சிசாலையில் செய்த ரசாயனப் பொருள்களைப் பிராணிகளுக்கு ஏற்றினார். அவற்றுக்கும் உடம்பு பொருத்தமான சாவியைச் செய்துவிட்டது! நேற்றுச் செய்த பூட்டுக்கு ஆதிகாலம் முதல் சாவி எப்படி இருக்கமுடியும்? எர்லிக்கின் கொள்கை படுத்துவிட்டது.

அப்புறம் வந்தது தையற்காரர் கொள்கை. அந்நியப் பொருள் உள்ளே வந்ததும், உடம்பு அதன் மேலேயே அளவெடுத்து, அதற்குத் தக்கபடி எதிர்ப்பொருளை மடித்துத் தைக்கிறது என்றார்கள். 1940-இல் இதைப் பெரிதாய் எடுத்துச் சொன்னவர் லைனஸ் பாலிங். சாமானியர் அல்ல, பின்னால் இரண்டு நோபல் பரிசு வாங்கிய மேதை. மேதை சொன்னதால் ஏறக்குறைய எல்லோரும் ஒப்புக்கொண்டார்கள்.

ஆனால், தோழர்களே, மேதை சொன்னாலும் கேள்வி கேள்விதான். அளவு கொடுத்தவன் போனபிறகும் தையற்காரர் எப்படி விடாமல் தைத்துக்கொண்டிருக்கிறார்? அந்நியப் பொருள் போய் வருஷக்கணக்கானாலும் எதிர்ப்பொருள் இருக்கிறதே! அதே ஆசாமி இரண்டாந்தரம் வந்தால் முன்னைவிட அதிவேகமாய், அதிகமாய்த் தைக்கிறாரே, எப்படி? எல்லாவற்றையும் விட, தன் வீட்டுப் பிள்ளைக்கு மாத்திரம் ஏன் தைப்பதில்லை? அதாவது, உடம்பு தன்னையே ஏன் எதிர்ப்பதில்லை?

கடைசிக் கேள்விக்கு ஒரு மாட்டுத் தொழுவம் துப்புக் கொடுத்தது. 1945-இல் அமெரிக்காவில் ஓவன் என்பவர், இரட்டையாய்ப் பிறந்த கன்றுகளின் ரத்தத்தில் ஒன்றின் அணு மற்றதில் கலந்திருந்தும் இரண்டும் சண்டையின்றி இருப்பதைக் கண்டார். வயிற்றில் இருக்கும்போதே பழகியதால் அந்நியன் சொந்தக்காரனாகிவிட்டான். 1953-இல் மெடவார் முதலானோர் எலிகளில் இதைச் செய்தே காட்டினார்கள். ஆகவே சொந்தம், அந்நியம் என்ற பேதம் பிறவியில் எழுதிவைத்த எழுத்தல்ல; பழக்கத்தில் வருவது என்றாயிற்று.

1957-இல் ஆஸ்திரேலியாவில் பர்னெட் என்பவர் இந்தக் கேள்விகளையெல்லாம் சேர்த்து ஒரே விடை சொன்னார். உடம்பு தையற்கடை அல்ல. ஆயத்த உடை விற்கும் ஜவுளிக்கடை. எல்லா அளவிலும் சட்டை முன்னமே இருக்கிறது. ஓர் அணுவுக்கு ஒரே அளவுதான். எவனோ வருகிறான், எது பொருந்துகிறதோ அந்த அணு மாத்திரம் ஒன்று பத்தாய், பத்து ஆயிரமாய்ப் பெருகுகிறது. அவன் போனபிறகும் அந்தப் பரம்பரை நிற்கிறது, அதுதான் ஞாபகம். ஆகையால்தான் மறு தரம் வந்தால் அடி பலமாய் விழுகிறது. சொந்த உடம்புக்குப் பொருந்தும் அணுக்கள் வளர்ச்சிக் காலத்திலேயே ஒழிக்கப்படுகின்றன. ஆதலால் தன்னைத்தானே எதிர்ப்பதில்லை. யாரும் பாடம் சொல்லிக்கொடுக்கவில்லை! உபாத்தியாயரே இல்லாத பள்ளிக்கூடம்!

இது வெறும் வார்த்தையா? மறு வருஷமே நாஸ்ஸல், லெடர்பெர்க் என்ற இருவர், எலிக்கு இரண்டுவிதக் கிருமியை ஏற்றி, பிறகு அதன் அணுக்களைத் தனித்தனித் துளியில் ஒவ்வொன்றாய்ப் பிரித்து வைத்துப் பார்த்தார்கள். ஓர் அணு ஒரு கிருமிக்குத்தான் எதிர்ப்பொருள் செய்தது; இரண்டுக்கும் செய்த அணு ஒன்றுகூட இல்லை. பாலிங் கொள்கை போயிற்று. யாரும் அவரை நாடு கடத்தவில்லை. அவர் புஸ்தகத்தைக் கொளுத்தவுமில்லை. ருசு வந்தது, ஒப்புக்கொண்டார்கள்.

ஆனால் எத்தனையோ கோடி அளவுச் சட்டைக்குத் துணி ஏது? தகப்பனும் தாயும் கொடுத்த மூலகங்கள் அவ்வளவு இல்லையே! 1976-இல் டொனகாவா என்ற ஜப்பானியர் இதையும் காட்டினார். எதிர்ப்பொருளுக்கான எழுத்து முழுசாய்ப் பரம்பரையில் வருவதில்லை. துண்டு துண்டாய் வருகிறது. ஒவ்வொரு அணுவும் சீட்டுக்கட்டைக் கலைப்பதுபோல் அந்தத் துண்டுகளைக் கலைத்து, தனக்கென்று ஒன்றைச் சேர்த்துக்கொள்கிறது. ஒரே கருவில் பிறந்த இரட்டையருக்குக்கூட இந்தச் சீட்டு பெரும்பாலும் ஒன்றாய் விழுவதில்லை. ஜாதகக்காரர்கள் இதற்கு என்ன லக்கினம் குறிப்பார்களோ தெரியவில்லை!

பர்னெட் சொன்னதும் முழுசு அல்ல. சொந்த உடம்பை எதிர்க்கும் அணுக்கள் எல்லாமே ஒழிவதில்லை, சில தப்பி வருகின்றன, அவற்றை அடக்கிவைக்கக் காவல் அணுக்கள் தனியே இருக்கின்றன என்று கண்டவர்களுக்கு 2025-இல்தான் நோபல் பரிசு கொடுத்தார்கள். அந்தக் காவல் தவறினால் உடம்பு தன்னையே தின்னும். சில குழந்தைகளுக்கு வரும் சர்க்கரை வியாதியும், கை கால் மூட்டைக் கோணலாக்கும் ஒருவகை வாதமும் அப்படி வருபவை.

இதை வைத்துக்கொண்டு ஒன்று சொல்லுகிறேன். எதிர்ப்புச் சக்தியைப் பெருக்கும் பொடி, லேகியம், மாத்திரை என்று எங்கே பார்த்தாலும் விளம்பரம். என்ன, அது தொட்டித் தண்ணீரா, குடம் குடமாய் ஊற்றிப் பெருக்குவதற்கு? எந்த அணுவை ஐயா பெருக்குகிறீர்? கிருமியை எதிர்ப்பதையா, மூட்டைத் தின்பதையா? வயிறார நல்ல சாப்பாடும் தூக்கமும் இல்லாவிட்டால் எதிர்ப்புக் குறையும், அது மெய். அதற்குக் கூலியை உயர்த்தவேண்டும், லேகியம் போதாது. குறிப்பிட்ட நோய்க்குக் குறிப்பிட்ட அணுவை முன்கூட்டியே பெருக்கிவைக்க, நோய் கண்டு எழுந்திருக்க வேண்டும். இல்லாவிட்டால் அந்த நோய்க்குரிய தடுப்பூசி போட்டுக்கொள்ள வேண்டும்.

தாய்மார்கள் இதைக் கவனிக்கவேண்டும். முதல் குழந்தை நன்றாய்ப் பிறந்து, இரண்டாவது, மூன்றாவது வயிற்றிலேயே இறந்தோ, பிறந்து மஞ்சள் பூத்தோ போனால், நாக தோஷம் என்றும், அவள் ராசி என்றும் எத்தனை பெண்களை நாம் வதைத்திருக்கிறோம்! மறு கலியாணம் செய்துகொண்ட புருஷர்கள் எத்தனை பேர்! அந்தப் பெண்களில் ஒரு பகுதிக்குக் காரணம் ரத்த வகை. தாய் ஆர்-எச் நெகட்டிவ், தகப்பன் பாசிட்டிவ். முதல் பிரசவத்தில் குழந்தையின் ரத்தம் கொஞ்சம் தாய்க்குள் கலந்து, அதற்குப் பொருந்தும் அணுக்கள் பெருகி நிற்கின்றன. அடுத்த குழந்தையின் ரத்தத்தை அவை அழிக்கின்றன. முதல் பிரசவமான 72 மணி நேரத்துக்குள் தாய்க்கு ஒரு ஊசி போட்டுவிட்டால், அந்த ரத்தத்தை அவள் உடம்பு அடையாளம் கண்டுகொள்ளுமுன்பே துடைத்துவிடும். 1968 முதல் இந்த ஊசி வழக்கத்தில் இருக்கிறது. ராகு காலமும் வேண்டாம், நாகர் பிரதிஷ்டையும் வேண்டாம். கர்ப்பமானதும் ரத்த வகையைப் பார்த்துக்கொண்டால் போதும்.

ஒரே அணுவின் பரம்பரையை மாத்திரம் புட்டியில் வளர்த்து ஒரே சாவியை வேண்டியமட்டும் செய்யும் வித்தையை 1975-இல் கேம்பிரிட்ஜில் கோலர், மில்ஸ்டைன் இருவரும் கண்டார்கள். மருந்துக்கடையில் விற்கும் கர்ப்பப் பரீட்சைக் குச்சி முதல் புற்றுநோய் மருந்துகள் வரை அதிலிருந்து வந்தவை. பெரியம்மை நம் நாட்டில் 1975-இல் கடைசியாய்க் கண்டது. உலகத்தில் இயற்கையாய்க் கடைசியாய்க் கண்டது 1977-இல், சோமாலியாவில். இருபதாம் நூற்றாண்டில் மாத்திரம் சுமார் 30 கோடிப் பேரைக் கொன்றதாய்க் கணக்கிடப்படும் வியாதி, பொங்கல் வைத்துப் போகவில்லை. ஊசி குத்திப் போயிற்று. ஆத்தாளுக்கு வேலை போயும் கோவில் மான்யம் போகவில்லை.

ஊசியால் யாருக்கும் எப்போதும் கெடுதலே வந்ததில்லை என்று நான் சொல்லமாட்டேன். 1902-இல் பஞ்சாபில் மல்கோவால் என்ற கிராமத்தில், பிளேக் ஊசி போட்டவர்களில் 19 பேர் ரண ஜன்னி கண்டு மாண்டார்கள். மருந்தைக் கண்ட ஹாஃப்கினை வேலையினின்று நிறுத்தினார்கள். மருந்தில் குற்றமில்லை, அந்த ஒரு புட்டியைத் திறந்த இடத்தில் நேர்ந்த அசுத்தமே காரணமாயிருக்கவேண்டும் என்று நிபுணர்கள் எடுத்துக்காட்டி, 1907-இல் பழி நீங்கிற்று. தவறை மறைத்தால்தான் பயப்பட வேண்டும். இங்கே விசாரித்தார்கள், எழுதிவைத்தார்கள். அதனால்தான் நூறு வருஷத்துக்கு மேலாகியும் நான் உங்களுக்குச் சொல்லமுடிகிறது.

கடைசியாக என் வீட்டுச் சங்கதி. என் தமையனார் இங்கே முன் வரிசையில்தான் உட்கார்ந்திருக்கிறார்; அவர் அனுமதியோடு சொல்லுகிறேன். அவர் கலியாணத்தில் ஐயரும் இல்லை, அக்கினியும் இல்லை. 2017-இல் தட்டம்மை ஊசி போட அரசாங்கத்தார் பள்ளிக்கூடம் பள்ளிக்கூடமாய் வந்தபோது, அந்த ஊசி பிள்ளைகளுக்குக் கேடு என்று கைப்பேசியில் வதந்தி ஓடிற்று. வேதத்தை நம்பாத என் தமையனார் அதை நம்பினார். நான்கு வயது மகளுக்குப் போடவில்லை. மறு வருஷம் அவளுக்குத் தட்டம்மை கண்டது. வேப்பிலை போட்டார்கள், இறங்கிற்று, தண்ணீர் ஊற்றினார்கள். எல்லோருக்கும் சந்தோஷம். நாலு மாதம் கழித்துச் சளிக் காய்ச்சல் வந்து, அது நெஞ்சில் கட்டி, குழந்தை போய்விட்டாள். அம்மைக்கும் இதற்கும் சம்பந்தமில்லை என்றுதான் நாங்கள் எல்லோரும் நினைத்தோம்.

2019-இல் ஓர் ஆராய்ச்சி வெளிவந்தது. ஹாலந்தில் ஊசி போடாத 77 குழந்தைகளின் ரத்தத்தை, தட்டம்மை காணுமுன்பும் கண்டபின்பும் எடுத்துப் பார்த்தார்கள். அதற்கு முன் மற்ற நோய்களுக்கென்று சேர்ந்திருந்த எதிர்ப்பொருள்களில் நூற்றுக்கு 11 முதல் 73 பங்கு வரை அழிந்துபோயிருந்தன. நான் சொன்னேனே, ஞாபகமாய் நிற்கும் அணுக்கள் என்று, அவற்றையே தட்டம்மைக் கிருமி பிடித்து ஒழிக்கிறது. கடையைக் கொள்ளையடித்துவிட்டுப் போகிறது. பிள்ளை எழுந்து விளையாடுகிறது. உள்ளே அலமாரி காலி. ஊசி போட்ட குழந்தைகளுக்கு இப்படி அழிவதில்லை.

அந்தக் குழந்தை விஷயத்தில் இதுதான் காரணம் என்று நான் சத்தியம் செய்யமுடியாது. யாரும் அவள் ரத்தத்தை எடுத்துப் பார்க்கவில்லை. ஆனால் இதை நான் தமையனாருக்குப் படித்துக் காட்டியபோது, அவர் காகிதத்தை வாங்கித் தாமே மறுபடி ஒரு தரம் படித்தார். ஒன்றும் சொல்லவில்லை.

அவருக்குப் பிற்பாடு பிறந்த பையனுக்கு இப்போது பதினாறு மாதம். ஒன்பது மாதத்தில் முதல் ஊசி ஆயிற்று. இரண்டாவது ஊசி வருகிற புதன்கிழமை. நர்ஸ் அம்மாள் நம் அங்கன்வாடிக்குப் பத்து மணிக்கு வருகிறார். தமையனார் பையனைத் தூக்கிக்கொண்டு வருவார். உங்கள் பிள்ளைகளையும் அழைத்துவாருங்கள். அட்டையை மறக்காமல் எடுத்துவாருங்கள்.